ஹுவேயில் ஒரு முழங்கால் வலி

ஊர் சுற்றிக் காட்டுகிற வேலையில் இருப்பவர்கள் ஊரைப் பார்ப்பதில்லை. ஊர் பார்க்கிறவர்களின் முதுகைப் பார்க்கிறோம். சொந்தக்காரர்களை ஒரு வேனில் ஏற்றி எங்காவது கூட்டிப்போய்ச் சேதமில்லாமல் திரும்பியவர்களுக்கு நான் சொல்வது புரியும். யாருக்குப் பசி, யாருக்குக் கோபம், யார் யாரோடு பேசாமல் வருகிறார்கள் என்பதெல்லாம் முதுகிலேயே தெரிந்துவிடும். உங்களுக்கு அந்தப் பாடு எப்போதாவது ஒருமுறை. எனக்கு அதுவே உத்தியோகம்.

நான் சிங்காநல்லூர்க்காரி. கோயம்புத்தூரில் ஒரு பயண நிறுவனத்தில், குழுக்களோடு போய்வருவது என் வேலை. இப்போதெல்லாம் எங்கள் பக்கத்துக்காரர்கள் வியட்நாமுக்குக் கிளம்பிக்கொண்டே இருக்கிறார்கள். அங்கே ஹுவே என்று ஒரு பழைய தலைநகரம். அகழி சூழ்ந்த கோட்டை, அகலமான நதி, குன்றுகளில் அரசர்களின் சமாதிகள். இதையெல்லாம் பேட்டரி ஸ்கூட்டரில் சுற்றிக் காட்டுகிறார்கள். தெரிந்தவர்கள் தாங்களே ஓட்டலாம். மற்றவர்கள் பின்னால் உட்கார்ந்துகொள்ளலாம். அப்படிப் போன ஒரு பயணத்தில் நடந்தவை இவை.

விமான நிலைய வரிசையில்

கமலாக்கா பெரியநாயக்கன்பாளையத்துக்காரர். கணவர் பழனிசாமியண்ணன் அங்கே பம்புசெட்டுக்கு உதிரி பாகங்கள் செய்கிற பட்டறை வைத்திருக்கிறார். பட்டறையில் ஆட்களை வேலை வாங்குவது முழுக்க அக்காதான். ஆனால் வாசலுக்கு வெளியே, கல்யாணமான நாளிலிருந்து அண்ணன் வண்டியின் பின்சீட்டு.

மருமகளுக்காக வாங்கிய பேட்டரி ஸ்கூட்டர் ஒன்று வீட்டில் நிற்கிறது. ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் அண்ணன் சாப்பிட்டுப் படுத்ததும், அக்கா அதை எடுத்துப் பட்டறைக் காம்பவுண்டுக்குள் சுற்றிச் சுற்றி ஓட்டிப் பழகியிருக்கிறார். கேட்டைத் தாண்டியதில்லை. தாண்டிப்போய் ஒரு தரம் தடுமாறினால், பொழுது சாய்வதற்குள் பிறந்த ஊரான காரமடைக்குச் செய்தி போய்விடும் என்று பயம். இதையெல்லாம் அவர் என்னிடம் சொன்னது விமான நிலையத்தில், பெட்டி போடுகிற வரிசையில், அண்ணன் இரண்டு ஆள் தள்ளி நின்றுகொண்டிருந்தபோது. சொல்லி முடித்து என் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டார்.

“அங்க போயி ஸ்கூட்டர நானே ஓட்டோணுங் கண்ணு. அங்க நம்மளத் தெரிஞ்சவீங்க ஆரும் இல்லீல்ல. அவருகிட்ட மட்டும் சொல்லிப்போடாத.”

கூடவே வந்த காரமடை

தெரிந்தவர்கள் யாரும் இல்லை என்று அக்கா சொன்னதில் ஒரு விடுபடல் இருந்தது. குழுவில் தேவராசு இருந்தார். அக்காவின் சித்தப்பா மகன். காரமடையில் கறிவேப்பிலைத் தோட்டம் வைத்திருக்கிறார். கைபேசியைக் கண்ணுக்கு முன்னால் பிடிக்காமல் அவர் எதையும் பார்ப்பதில்லை. விமானத்தில் கொடுத்த சாப்பாட்டுத் தட்டு, டா நாங் கடற்கரை, விடுதிக் குளியலறைக் குழாய் எல்லாமே உடனுக்குடன் குடும்ப வாட்ஸப் குழுவுக்குப் போய்க்கொண்டிருந்தன. அந்த வாட்ஸப் குழுவில் அத்தை, மாமன், சம்பந்தி, சம்பந்திக்குச் சம்பந்தி எல்லாரும் இருந்தார்கள்.

ஹுவேயில் இறங்கிய அன்று காலை, விடுதி வாசலில் வரிசையாக நின்ற ஸ்கூட்டர்களை அக்கா பார்த்துக்கொண்டிருந்தார். ஒன்றின் கைப்பிடியை மெதுவாகத் தொட்டார். உடனே கைபேசி அவர் முகத்துக்கு நேராக வந்தது.

“அக்கா, கொஞ்சம் சிரி. காரமடையே பாத்துக்கிட்டிருக்குது.”

அக்கா கையை எடுத்துக்கொண்டார். அன்றைய முதல் சேதம் அதுதான்.

ஒரே ஒரு தடவை

எங்களுக்கு வாய்த்த வழிகாட்டியின் பெயர் லான். ஹுவேயிலேயே பிறந்து வளர்ந்த பெண். சின்னச் சின்ன ஆங்கில வாக்கியங்களாகப் பேசுவாள். அதை இங்கே தமிழில் எழுதுகிறேன். அவள் ஒவ்வொருவரிடமும் போய், நீங்கள் ஓட்டுகிறீர்களா, பின்னால் உட்காருகிறீர்களா என்று கேட்டுக்கொண்டு வந்தாள். அவள் கேட்கும்போது சரி என்று மட்டும் சொல்லுங்கள், மிச்சத்தை நான் பார்த்துக்கொள்கிறேன் என்று அக்காவிடம் முந்தின நாளே சொல்லியிருந்தேன். அக்காவும் தலையாட்டியிருந்தார். லான் கேட்டாள், நான் தமிழில் சொன்னேன். அக்கா ஒரு நொடிகூட யோசிக்காமல், வேண்டாங்க, நான் இப்படியே பின்னால வாரேன் என்றார். லான் தலையை அசைத்துவிட்டு அடுத்தவரிடம் போய்விட்டாள்.

எங்கள் பக்கத்துக்காரர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. மற்றவர்களுக்காகச் சொல்கிறேன். எதையும் கேட்ட உடனே ஒப்புக்கொள்வது எங்களிடம் மரியாதை இல்லை. காப்பி சாப்பிடுகிறீர்களா என்றால், இப்பத்தானுங்க குடிச்சேன் என்போம். மறுபடி கேட்டால், எதுக்குங்க சிரமம் என்போம். மூன்றாவது தடவை டம்ளர் கைக்கு வந்திருக்கும். கேட்கிறவருக்கும் இது தெரியும், மறுக்கிறவருக்கும் தெரியும். ஆனால் எங்கள் நிறுவனத்தில் இதற்கு நேர் எதிராக ஒரு விதி இருக்கிறது. வண்டி ஓட்டமாட்டேன் என்று ஒருவர் சொல்லிவிட்டால், எங்கள் ஆள் யாரும் அவரிடம் மறுபடி கேட்கக் கூடாது. கேட்டு, அவர் ஓட்டி, விழுந்துவைத்தால், நீங்கதானே ஓட்டச் சொன்னீங்க என்று வரும். முன்பு ஒருமுறை வந்திருக்கிறது. ஆக, அக்காவிடம் இரண்டாவது தடவை கேட்க வேண்டும் என்று தெரிந்த ஒரே ஆள் நான். கேட்கவே கூடாத ஒரே ஆளும் நான்.

ஹெல்மெட் மாட்டிவிடுகிற சாக்கில் அருகே போய், ஏன் அக்கா என்றேன். அவருக்கே வருத்தம்தான். ஆனால் என் கேள்வி அதைவிட விசித்திரமாகப் பட்டிருக்க வேண்டும்.

“மொதத் தடவ கேட்டதுமே எப்படிக் கண்ணு சரீங்கறது?”

மிச்சமான ஸ்க்ரூ

கோட்டை வாசலில் லான் நின்று, நடுவில் இருக்கிற கதவு அரசர் ஒருவருக்காக மட்டும் திறந்தது என்று சொல்லிக்கொண்டிருந்தாள். நல்ல வழிகாட்டி, குரலை உயர்த்தாமல் பேசினாள். கேட்டுக்கொண்டிருந்தது நானும் கமலாக்காவும் மட்டும். மீதிப்பேர் பழனிசாமியண்ணனின் ஸ்கூட்டரைச் சுற்றிக் குந்தியிருந்தார்கள். வரும் வழியில் பின்சக்கரத்தில் ஏதோ சத்தம் கேட்டதாம். பம்புசெட் ஊர்க்காரர்களுக்கு ஓடுகிற மோட்டாரில் ஒரு சத்தம் வந்தால், எதிரே எந்த அரசன் வந்து நின்றாலும் கண்ணுக்குத் தெரியாது. நாங்கள் போய்ச் சேர்வதற்குள் சக்கரத்துப் பக்க மூடி கழன்று தரையில் கிடந்தது. ஆளுக்கொரு யோசனை சொன்னார்கள். அண்ணனின் சாவிக்கொத்தில் சின்ன ஸ்க்ரூடிரைவர் ஒன்று தொங்கிக்கொண்டிருந்தது.

லானின் முகம் வெளுத்துவிட்டது. அது அவளுடைய பொறுப்பில் இருந்த வண்டி. நான் அதட்டுகிற குரலில் பேசியதும் அண்ணன் நல்ல பிள்ளையாக எல்லாவற்றையும் திருப்பி மாட்டினார். மாட்டி முடித்தபோது உள்ளங்கையில் ஒரு ஸ்க்ரூ மிச்சமிருந்தது. எங்கிருந்து வந்தது என்று அங்கிருந்த எவருக்கும் தெரியவில்லை. வண்டியைக் கிளப்பிப் பார்த்தார்கள், சத்தம் இல்லை. அண்ணன் ஸ்க்ரூவைச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டு லானுக்குத் தைரியம் சொன்னார். அதை நான் மொழிபெயர்க்கவில்லை.

“சத்தம் நின்னு போச்சுல்லீங்க. அப்ப சத்தம் போட்டதே இந்த ஸ்க்ரூதானுங்க.”

உப்புக் காப்பி

ஹுவேயில் காப்பியில் உப்புக் கலந்த நுரையைப் போட்டுத் தருகிறார்கள். எங்கள் குழு அதைக் குடிக்கப் பயந்து, பிறகு குடித்துப் பார்த்து, பிறகு டம்ளரின் அடியைப் பார்த்துக்கொண்டிருந்தது. இன்னொன்று வேண்டுமா என்று லான் கேட்டாள். எல்லாரும் ஒரே குரலில் வேண்டாமென்றார்கள். அவள் போய்த் தன் நாற்காலியில் உட்கார்ந்துவிட்டாள். மேஜையைச் சுற்றி ஒரு ஏமாற்றம் பரவியது. நான் எழுந்து ஒவ்வொருவரிடமும் இன்னும் இரண்டு தடவை கேட்டு, எல்லாருக்கும் வாங்கினேன். காப்பிக்கு எங்கள் நிறுவனத்தில் விதி கிடையாது. லான் பார்த்துக்கொண்டே இருந்தாள்.

அப்போதே தாமரை விதைப் பாயசமும் வந்தது. பழனிசாமியண்ணன் தன் கிண்ணத்தை அக்கா பக்கம் நகர்த்தினார். அக்கா திருப்பி நகர்த்தினார். மறுபடி நகர்த்தினார், மறுபடி திரும்பி வந்தது. மூன்றாவது தடவை அக்கா எடுத்து, கடைசி விதை வரைக்கும் சாப்பிட்டார். லான் என் பக்கம் நாற்காலியை இழுத்துப் போட்டு, உங்கள் ஊரில் எத்தனை முறை வேண்டாம் என்றால் வேண்டாம் என்று கேட்டாள். சொன்னேன். இன்னொன்றையும் கேட்டாள். அந்த அக்கா பின்னால் உட்கார்ந்திருக்கும்போது அவர் விரல்களைக் கவனித்தீர்களா, கணவர் பிரேக் பிடிப்பதற்கு முன்னால் அவர் கை மூடுகிறது என்றாள். அக்காவுக்குக் கொடுத்த வாக்கு நினைவுக்கு வந்தது. நான் சிரித்ததோடு நிறுத்திக்கொண்டேன். அவளுக்கு அது போதுமானதாக இருந்தது. எழுந்து போகும்போது, தன் அம்மா வீட்டிலும் இதே வழக்கம்தான், மூன்று தடவை கேட்காவிட்டால் விருந்தாளி பட்டினியாகப் போவார் என்றாள். பயிற்சியில்தான் வேறு மாதிரி சொல்லிக் கொடுத்தார்களாம்.

“வெளிநாட்டுக்காரர்களிடம் ஒரு தடவைதான் கேட்க வேண்டும் என்றார்கள். மன்னியுங்கள். நான் உங்களை வெளிநாட்டுக்காரர்கள் என்று நினைத்துவிட்டேன்.”

பம்ப்ளிமாஸ் தோட்டத்துச் சந்து

நதியை ஒட்டிக் கொஞ்ச தூரம் போனால் தோட்டங்கள் வருகின்றன. பம்ப்ளிமாஸ் மரங்கள், கத்தரித்து விட்ட வேலி, நடுவில் ஒரு சிமெண்டுச் சந்து. கார் வராது, லாரி வராது. லான் எங்கள் வரிசையை நிறுத்தினாள். தன் வண்டியை விட்டு இறங்கி நேராகக் கமலாக்காவிடம் வந்து, இங்கே சாலை நன்றாக இருக்கிறது, நீங்கள் ஓட்டுகிறீர்களா என்றாள். விதி எங்கள் நிறுவனத்து ஆட்களுக்குத்தான், லானுக்கு இல்லை. அவள் கேட்டதை அக்காவுக்குச் சொல்வது என் வேலை. சொன்னேன். வேண்டாங்க என்றார் அக்கா. லான் போகவில்லை. மறுபடி கேட்டாள். இந்த வயசுல எனக்கெதுக்குங்க என்று சொல்லிவிட்டு அக்கா ஓரக்கண்ணால் தேவராசைப் பார்த்தார். தேவராசு கைபேசியைச் சட்டையில் துடைத்துக்கொண்டிருந்தார்.

மூன்றாவது தடவை லான் வாயால் கேட்கவில்லை. கைகளைக் கட்டிக்கொண்டு நின்றாள். நானும் மொழிபெயர்க்க ஒன்றுமில்லாமல் நின்றேன். எங்கள் ஊர்க் கணக்கில் அது அக்கா சரி என்று சொல்ல வேண்டிய இடம். அவர் ஸ்கூட்டரின் கைப்பிடியைப் பார்த்தார், தேவராசின் கைபேசியைப் பார்த்தார். பெரியநாயக்கன்பாளையத்தில் தாண்டாத கேட் வியட்நாமிலும் அவருக்கு முன்னால் மூடித்தான் இருந்தது. இன்னும் கொஞ்ச நேரம் போனால் லான் திரும்பிவிடுவாள், நாங்கள் கிளம்பிவிடுவோம், மறுநாள் சமாதிகளைப் பார்த்துவிட்டு ஊருக்கு விமானம் ஏறிவிடுவோம் என்று எனக்குள் ஓடியது.

அப்போது பழனிசாமியண்ணன் ஸ்டாண்டைப் போட்டுவிட்டு வண்டியிலிருந்து இறங்கினார். இடது முழங்காலைப் பிடித்துக்கொண்டு, முகத்தைச் சுளித்து, தேவராசுக்கும் கேட்கிற மாதிரி, முட்டி புடிச்சுக்கிச்சு, இனி என்னால ஓட்ட முடியாது என்றார். பிறகு சாவியை அக்கா கையில் வைத்தார். அப்போது அவர் சொன்னது அக்காவுக்கும் பக்கத்தில் நின்ற எனக்கும் மட்டும்தான் கேட்டது.

“நம்ம காம்பவுண்டுல ஓட்டறாப்பலயே ஓட்டு, கமலா. வளைவுல திரும்பையில மட்டும் அவசரப்படாத.”

வாத்துகள்

அக்கா ஓட்டினார். முதலில் காம்பவுண்டு வேகம், பிறகு அதைவிடக் கொஞ்சம் கூட. அண்ணன் பின்னால் பெட்டி மாதிரி அசையாமல் உட்கார்ந்திருந்தார். நான் அடுத்த வண்டியில் வந்துகொண்டிருந்தேன். என் கண்ணில் பட்டதெல்லாம் இரண்டு முதுகுகள். சந்து திரும்புகிற இடத்தில் வேலிக்கு அடியிலிருந்து ஒரு வாத்துக் கூட்டம் குறுக்கே வந்தது. அண்ணனின் இரண்டு கால்களும் தானாகத் தரையைத் தேடி இறங்கின. வாய் திறக்கவில்லை. அக்கா நிதானமாக நிறுத்தினார். கடைசி வாத்து போகிற வரைக்கும் காத்திருந்து, பின்னால் திரும்பிப் பார்க்காமல் மறுபடி கிளப்பினார். அண்ணனின் கால்கள் ஒவ்வொன்றாக மேலே ஏறின.

தேவராசு இதை விடுவாரா. அண்ணன் முட்டியைப் பிடித்ததிலிருந்து முழுவதையும் எடுத்து அனுப்பிவிட்டார். அன்றிரவு சாப்பாட்டு மேஜையில் அக்கா சாப்பிடாமல் அவர் கைபேசியையே பார்த்துக்கொண்டிருந்தார். பதில்கள் வந்து குவிந்தன. தேவராசு ஒவ்வொன்றாக உரக்கப் படித்தார். ஓர் அத்தை முடக்கத்தான் தோசை சாப்பிடச் சொன்னார். ஒரு மாமன் தான் தேய்க்கிற எண்ணெயின் படத்தை அனுப்பியிருந்தார். சம்பந்தி வீட்டில், சின்ன வயதிலேயே முட்டி போய்விட்டதே என்று கவலைப்பட்டார்கள். அக்கா வண்டி ஓட்டியதைப் பற்றி ஒருவரும் ஒரு வார்த்தை எழுதவில்லை. அக்கா தட்டைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டார். தேவராசு கடைசிச் செய்தியைப் படித்தார். அது அக்காவின் சொந்த அண்ணன் மனைவியிடமிருந்து வந்தது.

“மாப்பளைக்கு இப்படி ஆயிப்போச்சே. நல்லவேளை, கமலாவுக்கு வண்டி ஓட்டத் தெரிஞ்சிருந்துச்சு.”

சமாதிப் படிகள்

மறுநாள் குன்றின் மேலிருக்கிற ஓர் அரசரின் சமாதிக்குப் போனோம். செங்குத்தான படிகள். இரண்டு பக்கமும் கல் டிராகன்கள். மேலே கல்லில் செதுக்கிய அதிகாரிகளும் யானைகளும் வரிசையாக நிற்கிறார்கள். வந்தவர்களில் பாதிப்பேர் நடுவில் நின்று மூச்சு வாங்கினார்கள். பழனிசாமியண்ணன் எங்கேயும் நிற்கவில்லை. விறுவிறுவென்று ஏறி முதல் ஆளாக மேலே போய், கல் யானையின் தந்தம் எப்படிப் பொருத்தப்பட்டிருக்கிறது என்று குனிந்து பார்த்துக்கொண்டிருந்தார்.

அப்போது தேவராசின் கைபேசி படிகளுக்கு மேல் எழும்புவதைக் கண்டார். சட்டென்று நிமிர்ந்து முழங்காலைப் பிடித்துக்கொண்டு முனகினார். முந்தின நாள் பிடித்தது இடது. இன்று கைக்கு வந்தது வலது. பின்னாலேயே ஏறி வந்த அக்கா அவருக்கும் கைபேசிக்கும் நடுவில் போய் நின்று, சேலைத் தலைப்பைச் சரிசெய்துகொண்டார். குரலைத் தாழ்த்தித்தான் சொன்னார்.

“அது இந்தக் கால் இல்லீங்க.”

பொடி

விடுதி வாசலில் லானிடம் விடைபெறும்போது தேவராசு தன் தோட்டத்துக் கறிவேப்பிலையில் அரைத்த பொடியை ஒரு பொட்டலம் எடுத்து நீட்டினார். சோற்றில் நல்லெண்ணெய் ஊற்றிப் பிசைந்து சாப்பிட வேண்டும் என்று எல்லாவற்றையும் தமிழிலேயே விளக்கினார். லான் கையைப் பின்னால் கட்டிக்கொண்டாள். வேண்டாங்க என்றாள், சுத்தமாக, எங்கள் ஊர் இழுப்போடு. இரண்டு நாளும் காதில் விழுந்துகொண்டே இருந்த சொல்தானே. தேவராசு மறுபடி நீட்டினார். மறுபடியும் வேண்டாங்க. மூன்றாவது தடவை இரண்டு கைகளாலும் வாங்கிக்கொண்டாள். தேவராசு கண் கலங்கிவிட்டார். இதைப் படமெடுக்க மறந்தும்போனார்.

பழனிசாமியண்ணன் சட்டைப் பையிலிருந்து ஸ்க்ரூவை எடுத்துக் கூச்சத்தோடு அவள் உள்ளங்கையில் வைத்தார். அவள் வண்டிகளின் வரிசையை ஒருமுறை பார்த்தாள். பிறகு அதைத் திருப்பி அண்ணனிடமே கொடுத்துவிட்டாள். கமலாக்காவிடம் வந்தபோது இருவருக்கும் பொதுவாக ஒரு மொழி இல்லை. அக்கா அவள் கன்னத்தைத் தொட்டார். அக்காவிடம் சொல்லச் சொல்லி லான் என்னிடம் ஒன்று சொன்னாள். என் விதியை மீறாமல் என் வேலையைச் செய்துகொடுத்த அந்தப் பெண்ணுக்கு என்னால் முடிந்த நன்றி, அதை ஒரு சொல் குறையாமல் மொழிபெயர்த்ததுதான்.

“அடுத்த முறை வரும்போது ஒரு தடவைதான் கேட்பேன். உங்களுக்கு இனி ஒன்று போதும்.”

மேட்டுப்பாளையம் ரோட்டில்

சில மாதம் கழித்து ஒரு வேலையாகப் பெரியநாயக்கன்பாளையம் பக்கம் போயிருந்தேன். எதிரே மருமகளின் ஸ்கூட்டர் வந்தது. முன்னால் கமலாக்கா. பின்னால், மடியில் ஒரு சாக்குப் பையை அணைத்தபடி பழனிசாமியண்ணன். என்னைக் கண்டதும் அக்கா இண்டிகேட்டர் போட்டு, ஒதுங்கி நிறுத்தினார். ஊட்டுக்கு வந்து காப்பி சாப்பிட்டுட்டுப் போ கண்ணு என்றார். வேண்டாங்கக்கா என்றேன். நடைமுறைப்படி மறுபடி அழைத்தார், நடைமுறைப்படி மறுத்தேன். அவர் மூன்றாவது தடவைக்கு வருவதற்குள் அண்ணனிடம் முழங்கால் எப்படி இருக்கிறது என்று விசாரித்தேன். அவர் முகத்தில் ஒரு மாற்றமும் இல்லை.

“வலி அப்படியேதானுங்க இருக்குது அம்மணி. நல்லாயிருச்சுன்னு சொன்னா மறுக்கா நானில்ல ஓட்டோணும்.”

கூட்டிப்போனவர்களை எந்தக் குறையும் இல்லாமல் ஊர் கொண்டுவந்து சேர்ப்பதுதான் என் தொழில் என்று நினைத்திருந்தேன். போகும்போது இல்லாத ஒரு முழங்கால் வலியோடு கொண்டுவந்து சேர்த்த பயணம்தான் இதுவரை நான் செய்ததிலேயே நல்ல பயணம்.